உதடு ஆறும்வரை

கல்யாணமாகி இந்த நாலு வருடத்தில் என் கணவரை நான் கை வைத்துத் தள்ளியது ஒரே ஒரு தடவைதான். அவர் எங்கள் மகளை முதன்முதலாகப் பார்க்க வந்த நாள் அது.

அவர் ராணுவத்தில் இருக்கிறார். சொந்த ஊர் வாசுதேவநல்லூர். தலைப்பிரசவம் என்பதால் நான் குத்துக்கல்வலசையில் என் அம்மா வீட்டில் இருந்தேன். குழந்தை பிறந்தபோது அவர் எங்கோ பனிமலை மேல் இருந்தார். சிக்னல் கிடைக்காத இடம். நான் வாட்ஸ்அப்பில் அனுப்பிய படங்கள் நாலு நாள் ஒற்றை டிக்கோடு நின்றன. குழந்தைக்கு இருபத்திரண்டு நாள் ஆனபோது முப்பது நாள் லீவு கிடைத்து, ரயில் மாறி ரயில் மாறி வந்து சேர்ந்தார்.

வந்தவர் வாசலில் பையை வைத்தார். கால் கழுவினார், சோப்புப் போட்டுக் கை கழுவினார். மூக்குக்குக் கீழே கைக்குட்டை கட்டியிருந்தார். ரயில் தூசிக்காக என்று நினைத்தேன். வாசற்படி ஓரம் உட்கார்ந்திருந்த என் மடியில் குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது. "எங்கன இருந்துட்டி இவ்வளவு அழகு வந்துச்சு இவளுக்கு?" என்று கேட்டுக்கொண்டே கைக்குட்டையை இறக்கிவிட்டு, குழந்தையின் கன்னத்தில் முத்தம் கொடுக்கக் குனிந்தார்.

அப்போதுதான் அந்த உதட்டைப் பார்த்தேன். கீழுதடு வீங்கித் தொங்கியது. நடுவில் இரண்டு வெடிப்பு. தோல் சுருள் சுருளாக உரிந்து நின்றது. வலது ஓரத்தில் சின்னச் சின்னக் கொப்புளங்கள் கொத்தாக இருந்தன; பாதி உடைந்து நீர் கசிந்தது. அவர் நெஞ்சில் உள்ளங்கையை வைத்து ஒரே தள்ளு. தன் பையிலேயே கால் தடுக்கிப் பொத்தென்று உட்கார்ந்துவிட்டார்.

"ஏட்டி, கூறுகெட்டவளே! மூணு நாளா வண்டில உக்காந்து வந்திருக்காவ, இப்படியா தள்ளுவ?" என்று அடுப்படியிலிருந்து அம்மா ஓடிவந்தாள்.

ஏன் தள்ளினேன் என்று அந்த நிமிடம் கேட்டிருந்தால் எனக்கே சொல்லத் தெரிந்திருக்காது. ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்குக் கிளம்பும்போது நர்ஸ் ஒருத்தி ஏழெட்டு விஷயம் சொல்லி அனுப்பியிருந்தாள். வாயில் புண் இருக்கிற யாரையும் பிள்ளையிடம் அண்டவிடாதே என்பது அதில் ஒன்று. தூக்கக் கலக்கத்தில் காதில் வாங்கியது. மூளை மறந்தாலும் கை மறக்கவில்லை போலிருக்கிறது.

அவர் கோபப்படவில்லை. தரையில் உட்கார்ந்தபடியே, "சரி, அங்கன இருந்தே காட்டு" என்றார். எனக்கு அழுகை வந்துவிட்டது. நான் ஒரு தனியார் பள்ளியில் கணக்கு டீச்சர். அழுகை வந்தால் அதைக் கோபமாக மாற்றிவிடுவது பழக்கம். "வாய இப்படி வச்சிக்கிட்டு வாரியளே, முன்னாலயே சொல்ல மாட்டியளா?" என்று கத்தினேன். குழந்தை எழுந்து அதுவும் கத்தியது. அவருக்கு வரவேற்பு அப்படி அமைந்தது.

மறுநாள் காலையில் தென்காசியில் குழந்தைக்குப் பார்க்கும் டாக்டரம்மாவிடமே அவரையும் அழைத்துக்கொண்டு போனோம். குழந்தையை விட்டுவிட்டு டார்ச் அடித்து அப்பனின் வாயைப் பார்த்தார்.

"ரெண்டு விஷயம் நடந்திருக்கு. உதடு வெயில்ல வெந்திருக்கு. அது ஒண்ணு."

"வெயிலா? தண்ணி பாட்டில் கல்லா உறைஞ்சு போற எடம் டாக்டர் அது."

"குளிருக்கும் வெயிலுக்கும் சம்பந்தமே இல்ல. மலை மேல போகப்போக வெயில் கடுமை. பனில பட்டுக் கீழ இருந்தும் திருப்பி அடிக்கும். உதட்டுத் தோலு ரொம்ப மெல்லிசு, தாங்காது. சின்ன வயசுல காய்ச்சல் வந்தா உதட்டோரம் கொப்புளம் வருமா உங்களுக்கு?"

"வருசத்துக்கு ஒருக்கா வரும்."

"அது ரெண்டாவது. அந்தக் கிருமி போகவே போகாது, உள்ள படுத்துத் தூங்கும். வெயில் அதத் தட்டி எழுப்பிருக்கு. வெந்த உதடு யாருக்கும் ஒட்டாது. இந்தக் கொப்புளம் ஒட்டும். உங்களுக்கு அது ஒரு வாரத் தொந்தரவு. ஒரு மாசப் பிள்ளைக்கு மூளை வரைக்கும் போயிரும். உயிருக்கே ஆபத்து. நேத்து முத்தம் கிடுத்தம் குடுத்தீங்களா?"

"இல்ல டாக்டர், தள்ளிவிட்டுட்டா."

டாக்டரம்மா என்னைப் பார்த்து, "நல்லா செஞ்ச" என்றார். பள்ளியில் நான் வாங்கிய எந்தப் பாராட்டும் எனக்கு அவ்வளவு நிம்மதி தந்ததில்லை. என் கணவரோ கையெடுத்து வாயைப் பொத்திக்கொண்டார். ஆட்டோவில் வீடு வந்து சேரும்வரை அந்தக் கையை எடுக்கவே இல்லை.

மாத்திரை ஐந்து நாளைக்கு. பொருக்கு எல்லாம் உதிர்ந்து, அடியில் புதுத்தோல் வந்து, டாக்டர் ஒரு தடவை பார்த்துச் சரி என்று சொன்ன பிறகுதான் முத்தம். அதுவரை முகத்தில் மாஸ்க். தனித் தம்ளர், தனித் துண்டு. உதட்டைத் தொட்டால் சோப்புப் போட்டுக் கை கழுவாமல் பிள்ளையைத் தொடக்கூடாது. முப்பது நாள் லீவுக்குள் உதடு ஆற வேண்டும், அவர் தன் மகளுக்கு ஒரு முத்தம் கொடுத்துவிட்டு ரயிலேற வேண்டும். வீட்டில் எல்லாருக்கும் அதன்பிறகு அது ஒன்றுதான் கவலை.

உண்மை மூன்றாம் நாள்தான் வெளியே வந்தது. மலைக்குப் போகும்போது உதட்டுக்குப் பூச எல்லாருக்கும் ஒரு டியூப் கொடுத்திருக்கிறார்கள். இவர் அதை ராஜஸ்தான்காரர் ஒருவருக்குத் தானம் செய்துவிட்டார்.

"பாவம்ட்டி அவன், பாலைவனத்துக்காரன். குளிரு தாங்கமாட்டான். நமக்கென்ன? குத்தாலத்துச் சாரல்ல வளந்த ஒடம்பு."

இது அவருடைய கிறுக்கு மட்டும் இல்லை, எங்கள் பக்கத்துக் கிறுக்கு. சாரல் காலத்தில் மேற்கேயிருந்து சில்லென்று ஒரு காற்று வரும். அது அடித்துவிட்டால் வெயில் என்ற ஒன்று இருப்பதையே மறந்துவிடுவோம். குடையை மடக்கிவிடுவோம். உடம்பு சில்லென்று இருந்தால் வெயில் சுடாது என்பது எங்கள் ஊர்க் கணக்கு. அந்தத் தப்புக் கணக்கை அவர் மூட்டை கட்டிப் பனிமலை வரைக்கும் கொண்டுபோயிருக்கிறார்.

அவர் உதட்டைப் பார்த்துக்கொள்ளும் பொறுப்பு என்னுடையதானது. கொதித்து ஆறவைத்த தண்ணீரில் சுத்தமான துணியை நனைத்து, காலையும் மாலையும் பத்து நிமிடம் ஒத்தடம். ஈரம் காய்வதற்குள் வாஸ்லின். அவருக்கு நாக்கால் உதட்டைத் தடவிக்கொண்டே இருக்கும் கெட்ட பழக்கம். தடவத் தடவ எச்சில் காய்ந்து இன்னும் வெடிக்கும். இன்னொன்று, தொங்கும் தோலைப் பிய்ப்பது. வகுப்பில் பிள்ளைகளை அதட்டுகிற குரலில், "கைய எடுங்க!" என்பேன். எல்லையில் நிற்கிற மனிதர் வெடுக்கென்று கையை எடுப்பார்.

அம்மாவுக்குத்தான் பெரிய துக்கம். மாப்பிள்ளை விருந்துக்கென்று நாட்டுக்கோழி சொல்லிவைத்திருந்தாள். உறைப்பு, புளிப்பு, உப்பு எது பட்டாலும் அவருக்குக் கண்ணில் தண்ணீர் வந்தது. எலுமிச்சை ஊறுகாய் இருக்கிற பக்கமே திரும்பமாட்டார். பாலில் ஊறிய இட்லியும் குழைந்த தயிர்சோறுமாக அவருக்கும் தட்டு வைத்தாள். "பிள்ள பெத்தவளுக்குப் பத்தியம் போட்டிருக்கேன், பிள்ள பெத்தவனுக்கும் பத்தியம் போடுத வீடு நம்ம வீடுதான்" என்று புலம்பினாள்.

மண்பானை செய்கிற வேளார் வீட்டில் போய் அக்கி எழுதி வரலாம் என்றும் அம்மா சொன்னாள். காவியைக் குழைத்து முகத்தில் கோடு போடுவார்கள். கொப்புளம் அமுங்கிவிடும் என்று நம்பிக்கை. புண்ணில் படாமல் கன்னத்தில் மட்டும் எழுதினால் எனக்கு ஆட்சேபணை இல்லை, மாத்திரையை நிறுத்தக்கூடாது என்றேன். மூன்று நாள் கன்னத்தில் செக்கச்செவேல் என்ற கோடுகளோடு, அதன்மேல் நீல மாஸ்க்கோடு, ஒரு ராணுவ வீரர் குத்துக்கல்வலசையில் பால் வாங்கப் போனார்.

அந்த நாட்களை இப்போது நினைத்தாலும் எனக்கு இனிக்கிறது. முத்தம் ஒன்றைத் தவிர அவர் எல்லாம் செய்தார். குழந்தையின் துணிகளைத் தனியாக அலசி, வெயிலில் நேர்வரிசையாகக் காயப்போட்டார். பால் குடித்ததும் தோளில் போட்டு ஏப்பம் வரும்வரை கூடத்துக்கும் வாசலுக்கும் நடந்தார். மாஸ்க்குக்கு உள்ளிருந்தே பேசினார், பாடினார். குழந்தை அவர் கண்களை மட்டும் வைத்து அப்பாவைப் படித்துக்கொண்டது. சில நேரம் குனிந்து அவள் உச்சந்தலையைத் தொட்டும் தொடாமலும் மூச்சை இழுப்பார். மாஸ்க்குத் துணி வழியாக என்ன வாசம் வந்துவிடும்? "வருதுட்டி, வருது" என்பார். இந்த மனிதர்மேல் எனக்கு இவ்வளவு பிரியம் இருக்கிறது என்பதே அப்போதுதான் எனக்குத் தெரிந்தது.

பதினான்காம் நாள் ஒரே ஒரு பொருக்குதான் பாக்கி. இரண்டு நாளில் டாக்டரிடம் காட்டலாம் என்று இருந்தேன். பதினைந்தாம் நாள் காலையில் அப்பா, பேங்க் வரைக்கும் போய்வருகிறோம் என்று சொல்லி மாப்பிள்ளையைப் பைக்கில் ஏற்றிக்கொண்டு போனார். அப்பா அரசு பஸ்ஸில் டிரைவராக இருந்து ஓய்வு பெற்றவர். பொய் சொல்லும்போது சட்டைப் பையைத் தொட்டுப் பார்த்துக்கொள்வார். அன்றைக்கும் தொட்டார். நான்தான் கவனிக்காமல் விட்டேன்.

இரண்டு மணிக்கு இருவரும் தலை ஈரமாக, எண்ணெய் வாசத்தோடு வந்து நின்றார்கள். போனது ஐந்தருவிக்கு. அவர் முகம் செம்பு நிறமாகியிருந்தது. உதடு மினுமினுவென்று தடித்திருந்தது.

"அருவித் தண்ணி எத்தன மூலிகைல பட்டு வருது தெரியுமா? அதுல நின்னா புண்ணெல்லாம் ஒரே நாள்ல காஞ்சிரும்னுதான் மாப்ளயக் கூட்டிட்டுப் போனேன்" என்றார் அப்பா.

"மாஸ்க்கு?"

"நனைஞ்சிரும்னு பையில போட்டுட்டேன்" என்றார் அவர். "எண்ண தேச்சுக்கிட்டு வரிசைல நின்னோம். கூட்டம்ட்டி, மூணு மணி நேரம். சாரலும் விட்டுருச்சு. ஆனா காத்து சில்லுனு அடிச்சுதா, வெயிலே தெரியல."

"பனிமலைலயும் இதத்தான சொன்னிய!"

அதற்குமேல் நான் பேசியதையெல்லாம் இங்கே எழுத முடியாது. எண்ணெய் வெயிலைத் தடுக்காது, அருவி கொப்புளத்தை ஆற்றாது, உங்கள் இருவருக்கும் சேர்த்து ஒரு மூளைகூட இல்லை என்பதுதான் சாரம். அவர் தலைகுனிந்து நின்றார். அப்பா, "திட்டணும்னா என்னத் திட்டு, அவிய வரமாட்டேன்னுதான் சொன்னாவ" என்றார். அது இன்னொரு பொய். சட்டைப் பையைத் தொட்டார். மகளுக்கு ஒரு நாள் முன்னால் முத்தம் கொடுக்கலாம் என்ற ஆசையில்தான் அவர் போனார் என்று எனக்குத் தெரியும். அதனால்தான் எனக்கு அவ்வளவு கோபம் வந்தது.

இரண்டு நாளில் கொப்புளம் மறுபடி கிளம்பியது. இந்தத் தடவை இரண்டு ஓரத்திலும்.

அப்பா பாவப்பட்டுப் போனார். யாரிடமும் சொல்லாமல் மெடிக்கலுக்குப் போய், உதட்டில் வெயில் படாமல் இருக்கப் பூசுகிற மருந்து வேண்டும் என்று கேட்டு வாங்கி வந்தார். திறந்து பார்த்தால் ரோஸ் கலர், ஸ்ட்ராபெர்ரி வாசம். மினுக்குகிறதே தவிர வெயிலைத் தடுக்கிற சங்கதி அதில் ஒன்றும் இல்லை. "மாப்ளைக்கு லிப்ஸ்டிக்கா வாங்கிட்டு வந்திருக்கிய?" என்று அம்மா சிரித்த சிரிப்பில், வீட்டில் இரண்டு நாளாக இருந்த இறுக்கம் போயிற்று. நிறமில்லாதது, எஸ்.பி.எஃப். முப்பதுக்குக் குறையாதது என்று துண்டுச்சீட்டில் எழுதிக் கொடுத்து அப்பாவைத் திருப்பி அனுப்பினேன். புண் ஆறின பிறகு, வெளியே இறங்குவதற்கு முன்னால் ஒரு தடவை, பிறகு இரண்டு மணிக்கொரு தடவை, சாப்பிட்டாலோ குடித்தாலோ உடனே மறுபடியும் என்று அவருக்குப் பாடம் எடுத்தேன். அதற்குப் பிறகு மாப்பிள்ளை டீக்கடைக்குப் போனாலும் அப்பா தன் கறுப்புக் குடையை அவர் தலைக்குமேல் பிடித்துக்கொண்டு கூடவே நடந்தார். மானத்தை வாங்காதீங்க மாமா என்று அவர் கெஞ்சினாலும் அப்பா கேட்கவில்லை.

நாட்கள் ஓடின. இருபத்தெட்டாம் நாள் கடைசிப் பொருக்கு உதிர்ந்தது. இருபத்தொன்பதாம் நாள் டாக்டரம்மா டார்ச் அடித்து, விரலால் உதட்டைப் புரட்டிப் பார்த்தார்.

"சரியாயிருச்சு. ஆனா மூஞ்சில வேண்டாம். கைல வேண்டாம், பிள்ள வாய்ல வச்சுரும். பாதத்துல ஒண்ணு குடுத்துக்கோங்க."

பாதம் கிடைத்ததே போதும் என்று அவருக்கு. அன்றே கொடுத்திருக்கலாம். "இருக்கட்டும், கெளம்பும்போது குடுக்கேன். அந்த நெனப்போட போவேன்" என்றார். நானும் சரி என்றேன். மறுநாள் காலையில் வாசுதேவநல்லூர் போய்த் தன் அப்பா அம்மாவிடம் சொல்லிக்கொண்டு மத்தியானம் திரும்பினார். அன்று மாலை ரயில்.

தென்காசி ஸ்டேஷனுக்கு எல்லாரும் போனோம். வண்டி வர இன்னும் கொஞ்ச நேரம் இருந்தது. பிளாட்பார பெஞ்சில் நான் குழந்தையோடு உட்கார்ந்தேன். அவர் எதிரே முட்டி போட்டு உட்கார்ந்தார். வலது காலின் சாக்ஸைக் கழற்றினேன். என் விரலளவு பாதம், சாக்ஸ் கழன்ற குளிருக்கு விரல்களை மடக்கிக்கொண்டது. அவர் மாஸ்க்கை இறக்கினார். அப்பா அந்தப் பக்கம் திரும்பி நின்றுகொண்டார். அம்மா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள்.

குனிந்தவர் ஒரு சாண் தூரத்தில் நின்றுவிட்டார். நாக்கு நுனியால் உதட்டின் இடது ஓரத்தை உள்ளிருந்து மெதுவாகத் தொட்டுப் பார்ப்பது தெரிந்தது. பிறகு நிமிர்ந்து மாஸ்க்கை ஏற்றிக்கொண்டார்.

"என்ன ஆச்சு?"

"சுருசுருங்குதுட்டி. மத்தியானத்துல இருந்து. கொப்புளம் கிளம்புததுக்கு முன்னால இப்படித்தான் இருக்கும்."

குழந்தையை அம்மாவிடம் கொடுத்துவிட்டு எழுந்து அவர் முகத்தைப் பிடித்து, மாஸ்க்கை இறக்கி, வெளிச்சத்துக்குத் திருப்பிப் பார்த்தேன். ஒன்றும் இல்லை. சிவப்புகூட இல்லை. "ஒண்ணுமே இல்ல. டாக்டரே பாத்துச் சரின்னுட்டாவ. சும்மா பயப்படுதிய."

"ஊருக்குப் போகையில பூசிக்கிட்டுத்தான் போனேன். நடுவுல டீ குடிச்சேன். திரும்பப் பூச மறந்துட்டேன். வெளிய தெரியாது, எனக்குத் தெரியுதுல்லா."

"கால்லதான குடுக்கப்போறிய? ஒரே ஒண்ணு. நான் சொல்லுதேன், குடுங்க."

ஒரு மாதமாக வேண்டாம் வேண்டாம் என்று காவல் காத்தவள் நான். குடுங்க என்று அந்தப் பிளாட்பாரத்தில் கெஞ்சியவளும் நான்தான். அடுத்த லீவு எப்போது என்று யாருக்கும் தெரியாது. எங்கே போகிறார் என்பதும் தெரியாது. அவர் வேண்டாம் என்று தலையை ஆட்டினார். பிறகு அந்தச் சாக்ஸை என் கையிலிருந்து வாங்கி, அந்தச் சின்னக் காலில் தானே மாட்டிவிட்டார். இரண்டு தடவை தவறாக மாட்டி மூன்றாம் தடவை சரியாக மாட்டினார். வண்டி வந்தது. ஏறிவிட்டார்.

வீட்டுக்கு வரும் வழியெல்லாம் ஆட்டோவில் அழுதேன். அன்றைக்கு அதைக் கோபமாக மாற்ற முடியவில்லை. இல்லாத ஒன்றுக்குப் பயந்து அவர் தன் பங்கைத் தானே விட்டுவிட்டாரே என்று எனக்கு ஆற்றாமையாக இருந்தது.

அடுத்த லீவுக்கு அவர் வர எட்டு மாதம் ஆயிற்று. உதட்டு டியூபைச் சட்டைப் பையிலேயே வைத்திருந்தார்; உதடு பளிச்சென்று இருந்தது. மீசை குத்தி அவளே அவர் முகத்தைத் தள்ளிவிடும் அளவுக்குக் கொஞ்சினார். இப்போது அவளுக்கு இரண்டு வயது. தன் அப்பா போனில் வந்தால் ஸ்க்ரீனை எச்சில் பண்ணிவிடுகிறாள்.

எங்கள் வீட்டில் படங்களுக்குக் குறைவில்லை. யூனிபார்மில் அவர், கல்யாண மாலையில் அவர், மகளைத் தோளில் தூக்கி வைத்துக்கொண்டு அவர். ஆனால் நான் யாருக்கும் காட்டாமல் வைத்திருப்பது, அந்த ரயில் போன இரண்டாம் நாள் வட இந்தியாவில் ஏதோ ஒரு ஸ்டேஷனிலிருந்து அவர் அனுப்பிய படம். கூட ஒரு வார்த்தை இல்லை. முகம்கூட முழுதாக இல்லை. உதட்டின் இடது ஓரம் மட்டும், அதில் அப்போதுதான் எழும்பியிருந்த மூன்று கொப்புளங்கள். "அப்பாவுக்கு என்மேல எவ்வளவு பிரியம்?" என்று என் மகள் என்றைக்காவது கேட்டால், அவளுக்கு அதைத்தான் காட்டுவேன்.